குமரேசா, எண்ணெய் பாட்டில கீழ வைடா

டேய் குமரேசா,

போட்டோ பாத்தேன். சைக்கிளுக்கு வாங்கின ப்ரூக்ஸ் தோல் சீட்டு புதுசா பளபளன்னு இருக்கு, சந்தோஷம், ஆனா பின்னாடி டேபிள் மேல தேங்காய் எண்ணெய் பாட்டிலுக்கு என்னடா வேலை? கீழ ஒரு வரி வேற, "ராத்திரி ஊற வெச்சா காலைல மெத்துன்னு ஆயிடும்னு மாமா சொன்னார்"னு. ஊற வைக்கறதுக்கு அது என்ன உளுந்தா? மாமா பேச்ச கேட்டு முக்கொம்புல நீ என்ன ஆனேன்னு ஞாபகம் இருக்குல்ல? போன் அடிச்சா எடுக்க மாட்டேங்கற, அதான் உக்காந்து எழுதறேன். இங்க எல்லாரும் சௌக்கியம், பொண்ணுக்கு பரீட்சை, ஆபீஸ்ல வழக்கமான தலைவலி, வேற விசேஷம் ஒண்ணும் இல்ல. விஷயத்துக்கு வரேன்.

அந்த பி17 மாடல் சீட்ட ஒரு தடவ கவுத்துப் பாரு. பஞ்சு கிடையாது, ஜெல் கிடையாது. தடிமனான ஒரே ஒரு மாட்டுத்தோல், அத முன்னாடி மூக்கு மாதிரி நீட்டிட்டு இருக்கற முனைக்கும் பின்னாடி இரும்புத் தகடுக்கும் நடுவுல இழுத்து ரிவிட் அடிச்சிருக்கான், அவ்ளோதான். உன் வெயிட்ட தாங்கறதே அந்த இழுவைதான். எண்ணெய ஊத்தி ஊற வெச்சா தோலுக்குள்ள இருக்கற நாரெல்லாம் ஒண்ண ஒண்ணு பிடிக்காம வழுக்க ஆரம்பிச்சிடும். மெத்துன்னு ஆகும்தான், மாமா பொய் சொல்லல. ஆனா கொஞ்ச நாள்ல நடுவுல தொய்ஞ்சு ரெண்டு பக்கமும் விரிஞ்சு தொடைய உரச ஆரம்பிக்கும், அப்புறம் பிரம்மாவே வந்தாலும் பழையபடி ஆக்க முடியாது. நல்லெண்ணெய், ஆலிவ் ஆயில், விளக்கெண்ணெய், எல்லாத்துக்கும் இதே கதைதான். ஏற்கனவே தடவிட்டியா? தடவியிருந்தா காஞ்ச துணியால அழுத்தித் துடைச்சு நிழல்ல வை, வெயில்ல வைக்காத.

கூட ப்ரூஃபைடுன்னு தோலுக்குத் தடவற மெழுகு ஒரு குட்டி டப்பா வாங்கியிருப்பியே, அதான் இதுக்கு மருந்து. விரல்ல கொஞ்சம் எடுத்து மேல மெல்லிசா தேய்ச்சு ராத்திரி விட்டுட்டு காலைல துணியால பாலிஷ் போடு. முதல் தடவ மட்டும் அடிப்பக்கமும் தடவு, அங்க தோலு பாலிஷ் இல்லாம பச்சையா இருக்கும். அப்புறம் எப்பவாவது தோலு வறண்டு தெரிஞ்சா போதும். இன்னொண்ணு, அந்த டப்பால மாட்டுக் கொழுப்பு, காட் மீன் எண்ணெய், தேன்மெழுகு எல்லாம் இருக்கு. அத்தை கண்ணுல படற மாதிரி வெச்சிடாத, அப்புறம் சைக்கிளும் நீயும் சேர்ந்து மொட்டமாடிலதான் குடித்தனம்.

"கல்லா இருக்குடா, ஏமாத்திட்ட"ன்னு வேற எழுதியிருக்க. நல்லா கேளு. உன்னோட பழைய ஜெல் சீட்டு கடையில கட்டைவிரலால அமுக்கிப் பாக்கும்போது சுகமாத்தான் இருந்துச்சு. ஒரு மணி நேரம் ஓட்டினா என்ன ஆகும், உக்கார்ற எலும்பு ரெண்டும் ஜெல்லுக்குள்ள முங்கிடும், முங்கினதும் நடுவுல இருக்கற மெத்தை மேல எழும்பி எங்க அழுத்தக் கூடாதோ அங்க அழுத்தும். சிறுவாணி ரோட்டுல பாதி வழியில இறங்கி நின்னுட்டு மரத்துப் போச்சு மரத்துப் போச்சுன்னு போன்ல அழுதியே, அது இதனாலதான். தோல் சீட்டுல எலும்பு ரெண்டும் மேலயே உக்காரும், நாள்பட அந்த ரெண்டு இடத்துல மட்டும் தோலு உன் அளவுக்கு இறங்கிக் கொடுக்கும். என்னோடதுல இப்ப வெளிச்சத்துல சாய்ச்சுப் பாத்தா வலது பக்கக் குழி இடத விட ஆழம், நான் கோணலா உக்கார்றேன்னு இத்தன வருஷம் எனக்கே தெரியாது.

அதனாலதான் வாங்கறதுக்கு முன்னாடி அட்டைப்பெட்டிய கிழிச்சு நாற்காலி மேல போட்டு உக்காருன்னு உயிர வாங்கினேன். நீ சிரிச்ச. அதுல விழற ரெண்டு பள்ளத்துக்கும் நடு இடைவெளிதான் கணக்கு, எலும்பு ரெண்டும் தோலு மேல விழணும், ஓரத்துல இருக்கற இரும்புத் தகடு மேலயோ ரிவிட் மேலயோ விழக் கூடாது, விழுந்தா எவ்வளவு ஓட்டினாலும் பழகாது, இரும்பு எங்கயாவது பழகுமா? உன்னோடது 175 மில்லிமீட்டர் அகலம், உனக்குப் போதும். ஹேண்டில்பார் சீட்டு உசரத்துக்கோ கொஞ்சம் மேலயோ இருக்கறவனுக்கு இதுதான் சரி. நல்லா குனிஞ்சு ஓட்டறவனுக்கு ஒல்லியானது வேணும், நேரா நிமிந்து ஓட்டறவனுக்கு அகலமா ஸ்பிரிங் வெச்சது. நம்ம சோடாபுட்டி என்ன பண்ணான் தெரியுமா, கீழ வளைஞ்ச ஹேண்டில்பார் போட்ட ரேஸ் சைக்கிளுக்கு "ஸ்பிரிங் இருக்கு மச்சி"ன்னு பி67 வாங்கி மாட்டிட்டான், 200 மில்லிமீட்டருக்கு மேல அகலம், தொடை ரெண்டும் புண்ணு. கேட்டா ரோடு சரியில்லங்கறான். அவன் என்னிக்கு சரியா காரணம் சொல்லியிருக்கான்.

உங்க அப்பாவோட ராலே சைக்கிள்ல இருந்ததும் இந்த ஜாதி சீட்டுதான்டா, நாமதான் அது மேல ரெக்சின் கவர் போட்டு மூடி வெச்சிருந்தோம். இந்த ப்ரூக்ஸ் கம்பெனிய ஆரம்பிச்சவர் ஜான் பூல்ட்பீ ப்ரூக்ஸ், 1866ல பர்மிங்ஹாம்ல குதிரைச் சேணம் தைக்கற தொழில். 1878ல அவரோட குதிரை செத்துப் போச்சு, ஒரு சைக்கிள இரவல் வாங்கி ஓட்டிருக்கார், சீட்டு தாங்க முடியல, 1882ல தானே ஒண்ணு செஞ்சு பேட்டன்ட் வாங்கிட்டார். ஆக இந்தக் கம்பெனியே ஒருத்தருக்குப் பின்னாடி வலிச்சதால வந்ததுதான், நீ ரெண்டு நாள் வலிச்சதுக்கு அழற.

இது ஏன் தாவரப்பட்டைல பதப்படுத்தின தோலுன்னு படிச்சப்ப நம்ம திருச்சி செம்பட்டுல தோல் பதப்படுத்தற எடம் ஞாபகம் வந்துச்சு. பஸ் அந்தப் பக்கம் திரும்பறப்பவே மூக்கப் பொத்துவோமே. ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டு பதப்படுத்தி நம்ம ஊர்லேர்ந்தும் திண்டுக்கல்லேர்ந்தும் லண்டனுக்குக் கப்பல் கப்பலா போச்சாம், ஈ.ஐ. லெதர், அதாவது ஈஸ்ட் இந்தியா லெதர்னு அதுக்கு ஒரு பேரே உண்டு. குரோமியம் போட்டா வேலை சீக்கிரம் முடியும், ஆனா அந்தத் தோலு இழுத்த இழுப்புக்கு வரும், சீட்டுக்கு ஆகாது. குரோமியம்னதும் தோல் தொழிற்சாலைக் கழிவு கலந்த பாலாறுதான் ஞாபகம் வருது. 1996ல சுப்ரீம் கோர்ட்டு வேலூர் கேஸ்ல அவ்வளவு கடுமையா தீர்ப்பு எழுதிச்சு, மாசுபடுத்தினவன்தான் காசு கட்டணும்னு. அப்துல் வீட்டுக் கிணத்துத் தண்ணிய நாம வாய்ல வெச்சுத் துப்பினது அதுக்கெல்லாம் அப்புறம்தானேடா? பட்டைத் தோலுன்னா சுத்தம்னும் சொல்ல முடியாது, தோலு கெடாம இருக்க போடற உப்பு எப்படிப் பாத்தாலும் தண்ணிலதான் போய் சேருது. நான் ஆசையா பாலிஷ் போட்டு வெச்சுக்கற இந்த சீட்ட பாத்தா சில நாள் அது ஞாபகம் வருது, என்ன பண்ணச் சொல்ற.

இப்ப விளையாட்டு இல்லாம ஒண்ணு. உக்கார்ற எலும்புல வலிச்சா பரவால்ல, முதல் சில நூறு கிலோமீட்டருக்கு அது இருக்கும், சின்னச் சின்ன தூரமா ஓட்டு, தானா குறையும். ஆனா முன்னாடி மரத்துப் போனா "பழகிடும்"னு பல்ல கடிச்சுட்டு ஓட்டாத, நரம்பு விஷயம். மூக்கு ரொம்ப மேல தூக்கியிருக்கான்னு பாரு, கொஞ்சமா இறக்கு, ரொம்ப இறக்கினா முன்னாடி வழுக்கி கைல பாரம் ஏறும். மூணு நாலு விதமா மாத்திப் பாத்தும் மரத்துச்சுன்னா கழட்டி வித்துடு, காசு போனா போவுது. உனக்கு ஏற்கனவே சுகர் வேற, டாக்டர் கிட்ட வெக்கப்படாம சொல்லு.

மழை பத்தி சொல்லணும்ல. உங்க ஊர் மழைல நனைஞ்சா நனைஞ்ச தோலு மேல உக்காந்து ஓட்டாத, அப்பதான் வேகமா தொய்யும். நிறுத்தற எடத்துல பிளாஸ்டிக் பையாவது மாட்டு. பின் மட்கார்டு கண்டிப்பா போடு, சக்கரம் வாரி அடிக்கற தண்ணி நேரா அடிப்பக்கம்தான் போகும். எனக்கு இங்க மெட்ராஸ்ல மழைய விட புழுக்கம்தான் வில்லன், ஓட்டாம வெச்சா வெள்ளையா பூஞ்சை வந்துடுது, துணியால துடைச்சா போயிடும். வெள்ள பேன்ட் போட்டுட்டு ஆபீஸ் போகாத, ஆரம்பத்துல சாயம் ஒட்டும், அப்புறம் பின்னாடி என்ன கறைன்னு கேக்கறவனுக்கெல்லாம் பதில் சொல்லிட்டு திரிவ.

கடைசியா, மூக்குக்குக் கீழ ஒரு போல்ட் இருக்கும், பெட்டில அதுக்குன்னே ஒரு தட்டையான ஸ்பானர் கொடுத்திருப்பான். அத பாத்ததும் உனக்குக் கை அரிக்கும்னு எனக்குத் தெரியும், ஹாஸ்டல் ஃபேன கழட்டினவனாச்சே. தோலு நல்லா தொய்ஞ்சப்புறம், அதுவும் கால் சுத்து, அதுக்குதான் அந்த போல்ட். இப்பவே முறுக்கினா ரிவிட் பக்கம் கிழிஞ்சிடும். ஸ்பானர சரசு கிட்ட கொடுத்து பீரோல பூட்டி வைக்கச் சொல்லு. பொங்கலுக்கு திருச்சி வரப்ப சைக்கிள பஸ் மேல போட்டு எடுத்துட்டு வா, நான் பாத்து சொல்றேன். சோடாபுட்டியும் வரானாம், அவன் பி67ஐ உன் தலைல கட்டப் பாப்பான், வாங்கிடாத.

போன எடுடா.

ரவி