மருமக கப்பல் ஏறப் போறான்னு கேட்டதும் எழுதுனது

அன்பு மாப்ள,

உன் மெசேஜைப் பார்த்ததும் போன்தான் எடுத்தேன், ஆனா போன்ல பேசுனா நீ பாதியிலயே "சரி சரி நேர்ல வா பேசுவோம்"னு வெச்சிருவே, அதான் உக்காந்து எழுதிட்டேன். என் மருமக எலக்ட்ரிக்கல் கேடட்டா, அதான் கப்பல்ல கரண்ட் வேலை பழகுற ஆபீசரா, அடுத்த மாசம் ஜாயின் பண்றான்னு படிச்சதும் எனக்கு எவ்ளோ சந்தோஷம்னு சொல்லத் தெரியல. நீயும் நானும் மூணு கப்பல்ல ஒண்ணா ஒயர் இழுத்தவங்க, அந்த வேலைய நம்ம வீட்டுப் பொண்ணு எடுத்துப் பண்ணப் போறா. இங்க எல்லாரும் நல்லா இருக்கோம், எனக்கு முட்டி வலி மட்டும் மாடிப்படி ஏறும்போது படுத்துது, மத்தபடி ஒண்ணுமில்ல.

தங்கச்சி ரெண்டு நாளா சரியாவே சாப்பிடல, கப்பல் முழுகிருமோன்னு பயப்படுறான்னு எழுதியிருந்தியே, அதப் பத்திதான் முக்கியமா சொல்லணும். ரிட்டயர் ஆனதுல இருந்து நான் ரெண்டு உலகப் போருக்கும் நடுவுல ஓடுன பயணிகள் கப்பல்களப் பத்தி தேடித் தேடிப் படிச்சிட்டு இருக்கேன், எந்தக் கப்பல் எப்படி போச்சு, எத்தன பேர் போனாங்கன்னு. டைட்டானிக்குக்கு அப்புறம் எல்லாரும் தண்ணிக்குத்தான் பயந்தாங்க, லைஃப்போட் போதுமான்னு எண்ணுனாங்க, ரேடியோ வெச்சாங்க, 1929ல லண்டன்ல மாநாடு கூடி புது சட்டமே போட்டாங்க. அதெல்லாம் வேண்டியதுதான், வேண்டாம்னு சொல்லல. ஆனா 1930கள்ல புத்தம் புது கப்பலுங்க ஒண்ணு மேல ஒண்ணா எரிஞ்சே போச்சு மாப்ள. கடல் ஒண்ணும் பண்ணல, உள்ள இருந்த மரமும் பெயிண்ட்டும் ஒயரும்தான் கொன்னுச்சு.

ஜார்ஜ் ஃபிலிப்பார்னு ஒரு பிரெஞ்சுக் கப்பல், நம்ம ரூட்ல போனதுங்கிறதால அது மட்டும் என் மனச விட்டு போக மாட்டேங்குது. மார்செய்ல இருந்து 1932 பிப்ரவரில கிளம்பி யோகஹாமா வரைக்கும் போன முதல் பயணம், திரும்பி வரும்போது கொழும்புல நின்னு கிளம்புது. அப்புறம் நமக்குத் தெரிஞ்ச வழிதான், மினிக்காய தாண்டி அப்படியே மேற்க ஆப்பிரிக்காவோட கிழக்கு மூலைல இருக்குற குவார்தபூய் முனைய பார்த்து ஓடுறது, நாம எத்தன ராத்திரி அங்க டெக்ல நின்னு டீ குடிச்சிருக்கோம். அந்த முனைக்கு சுமாரா 145 மைல் இருக்கும்போது, மே 16, விடியக்காலம் ரெண்டு மணி வாக்குல ஒரு லக்ஸுரி கேபின்ல லைட் ஸ்விட்ச்ல கோளாறாகி சுவத்துல அடிச்சிருந்த மரப் பேனல் பிடிச்சிக்கிச்சு. கப்பல்ல எழுநூறு பேருக்கு மேல, அதுல 54 பேர் செத்துட்டாங்க.

ஸ்விட்ச்சுன்னு படிச்சதும் நான் புத்தகத்த கீழ வெச்சிட்டேன். அந்தக் கப்பல்ல ஓடுனது 220 வோல்ட் டிசி, ஒரே திசைல ஓடுற கரண்ட். இப்ப உள்ள பிள்ளைங்களுக்கு இது புரியாது, நம்ம மருமகளுக்கு நீ உக்கார வெச்சு சொல்லணும், ஏசின்னா, நம்ம வீட்டுக்கு வர்ற திசை மாறுற கரண்ட்னா, செகண்டுக்கு நூறு தடவ கரண்ட் பூஜ்யத்த தொட்டுட்டு வரும், ஸ்விட்ச்ச அணைக்கும்போது வர்ற ஆர்க், அந்த நெருப்புப் பொறி, தானா செத்துரும், ஆனா டிசி அப்படி விடாது, காண்டாக்ட் கொஞ்சம் தேஞ்சு போய் ஸ்பிரிங் லூசா இருந்தா போதும், அந்த நீல நெருப்பு நின்னு எரியும், பின்னாடியே காஞ்ச மரம், மேல வார்னிஷ். பழைய கப்பல்ல ஸ்விட்ச் கவரக் கழட்டுனா உள்ள கரி அப்பி இருக்குமே, பித்தளை நீலம் பாரிச்சு போய், அத நீயும் பார்த்திருக்க நானும் பார்த்திருக்கேன். வெளிய இருந்து பாத்தா ஒண்ணுமே தெரியாது, அழகா பாலிஷ் போட்ட தேக்கு மாதிரி நிக்கும்.

நாசவேலைன்னும் நிறைய பேர் பேசுனாங்க. கிளம்புறதுக்கு முன்னாடியே போலீஸுக்கு மிரட்டல் தகவல் வந்திருக்கு, 1930 கடைசில கட்டிட்டு இருக்கும்போதே ஒரு தடவ தீப்பிடிச்சிருக்கு, அது போக ஆல்பர்ட் லோந்த்ர்னு பெரிய பத்திரிகைக்காரர் சீனாவுல எதையோ விசாரிச்சிட்டு அதே கப்பல்ல திரும்பிட்டு இருந்தாரு. தென்னமெரிக்கா கயானாவுல பிரெஞ்சு கைதிங்க பட்ட பாட்ட 1923ல எழுதி நாட்டையே உலுக்குன மனுஷன் அவரு. அவர் செத்துட்டாரு, எழுதி வெச்சதும் போச்சு, அவரோட வந்த ஒரு தம்பதி பிழைச்சு கரையேறி விமானத்துல ஊருக்குத் திரும்பும்போது அந்த விமானமும் இத்தாலில விழுந்து செத்துட்டாங்க. இவ்ளோ சேந்து நடந்தா ஜனங்க சந்தேகப்படத்தான் செய்வாங்க. ஆனா முப்பது வருஷம் ஸ்விட்ச் போர்டோட குடும்பம் நடத்துனவன் நான், எனக்கு அந்த ஸ்விட்ச்தான்னு தோணுது. அவரோட மக அவர் பேர்ல விருது ஆரம்பிச்சா, அடுத்த வருஷமே முதல் விருதும் குடுத்தாங்க, இன்னிக்கும் பிரான்ஸ்ல பத்திரிகைக்காரங்களுக்கு அது பெரிய கௌரவம்.

எனக்கு வயிறு எரியுறது எங்கன்னா, தீ பிடிச்ச விஷயம் கேப்டனுக்குப் போறதுக்குள்ள நேரம் ஆயிருச்சு. தகவல் வந்ததும் ஏடன் பக்கம் கரைல ஏத்திரலாம்னு அவர் ஸ்பீட கூட்டியிருக்காரு, அந்தக் காத்துல தீ இன்னும் பெருசாயிருச்சு, எஞ்சின் ரூம விட்டே ஆளுங்க வெளிய வர வேண்டியதா போச்சு. அப்புறம்தான் கப்பல விட்டு இறங்கச் சொல்லி ஆர்டர். கூப்பிட்ட குரலுக்கு வந்தது மூணு கப்பல், ரெண்டு பிரிட்டிஷ் சரக்குக் கப்பல் கான்ட்ராக்டரும் மஹ்சூதும், இன்னொண்ணு ரஷ்யாக்காரனோட சோவியத்ஸ்காயா நெஃப்ட், டேங்கர் மாப்ள! நீ டேங்கர்ல ஓடுனவன், எண்ணெய்க் கப்பல எரியுற கப்பல் பக்கத்துல கொண்டு போறதுன்னா என்னன்னு உனக்கு நான் சொல்ல வேண்டாம். அந்த ஒரு டேங்கர் மட்டும் 420 பேர ஏத்தியிருக்கு. அந்த மாலுமிங்கள நெனச்சா எனக்கு கண்ணு கலங்குது. ஃபிலிப்பார் மூணு நாள் எரிஞ்சு 19ஆம் தேதி ஏடன் வளைகுடாவுல முழுகிருச்சு.

எட்டு மாசம் கூட ஆகல, 1933 ஜனவரில லாட்லாந்திக்னு இன்னொரு பெரிய பிரெஞ்சுக் கப்பல் இங்கிலீஷ் கால்வாய்ல எரிஞ்சுது, நல்லவேளை ரிப்பேர் பார்க்குற டிரைடாக்குக்குப் போயிட்டு இருந்ததால பயணிங்க இல்ல, சிப்பந்திங்க 19 பேர் போயிட்டாங்க.

அப்புறம் 1934 செப்டம்பர் 8, மாரோ காஸ்ல். ஹவானாவுல இருந்து நியூயார்க் வந்துட்டு இருந்த அமெரிக்கக் கப்பல், கட்டி நாலு வருஷம்தான். முந்தின நாள் சாயங்காலம் கேப்டன் கேபின்லயே செத்துட்டாரு, சீஃப் ஆபீசர் வார்ம்ஸ் பொறுப்பு எடுத்து சில மணி நேரம்தான், ராத்திரி மூணு மணி வாக்குல ரைட்டிங் ரூம்ல ஒரு அலமாரிக்குள்ள தீ. கேபின்கள்ல தீ கண்டுபிடிக்கிற கருவி இருந்துச்சு, ரைட்டிங் ரூம் மாதிரி பொது ரூம்கள்ல கிடையாது. ஃபயர் டோர் இருந்துச்சு, ஆனா மரக் கூரைக்கு மேல இடைவெளி விட்டிருந்தாங்க, தீ கதவுக்கு மேலாக்க தாண்டிப் போயிருச்சு. ஒரே நேரத்துல தீயணைக்கிற தண்ணிக் குழாய், அந்த ஹைட்ரண்ட்ட நிறைய திறக்க, எதுலயும் பிரஷர் இல்ல. புயல் காத்து எதிர்ல அடிக்குது, கப்பலும் சுமார் 20 நாட் வேகத்துல அதுக்குள்ளயே போயிட்டு இருக்கு, ஊது உலை மாதிரி ஆயிருச்சு. பயணிங்க எல்லாம் பின்பக்கம் ஒதுங்கிட்டாங்க, ஆபீசருங்க முன்பக்கம், நடுவுல தீ. முதல்ல இறங்குன போட்டுங்கள்ல பாதிக்கு மேல இடம் காலி, இருந்ததும் பெரும்பாலும் சிப்பந்திங்கதான். எஸ்ஓஎஸ் அனுப்பவும் லேட்டு. 137 பேர் மாப்ள, கரைக்கு அவ்ளோ பக்கத்துல. எரிஞ்ச கூடு மிதந்து போய் ஆஸ்பரி பார்க் பீச்சுல ஒதுங்குச்சு, ஜனங்க கூட்டம் கூட்டமா வந்து வேடிக்க பார்த்தாங்க.

இன்னிக்கு கப்பல்ல பேனல் எரியாத சரக்குல இருக்குன்னா, ஃபயர் டோர் கப்பல ஓட்டுற பிரிட்ஜ்ல இருந்தே மூடுதுன்னா, வாரா வாரம் டிரில் வெச்சு உயிர எடுக்குறாங்கன்னா, அந்த ஜனங்க செத்ததாலதான். தங்கச்சிகிட்ட இதச் சொல்லு, நம்ம பொண்ணு போற கப்பல் அந்தக் கப்பல் இல்ல.

ஆனா மருமககிட்ட நம்ம கதையச் சொல்லு. நாம முதல் தடவ ஒண்ணா போன கப்பல்ல, ராத்திரி கேபினுங்களுக்கு நடுவுல போற அலிவேல கருவாடு சுடுற மாதிரி நாத்தம் வந்துச்சே, ஞாபகம் இருக்கா. நான் எங்கருந்து வருதுன்னு பாத்துட்டு அப்புறம் சொல்லிக்கலாம்னு டார்ச்ச எடுத்துட்டு ஒவ்வொரு கேபினா தடவிட்டு நின்னேன். நீ வந்தே, மோந்து பாத்தே, ஒரு வார்த்த பேசாம கிளாஸ உடைச்சு அலாரத்த அமுத்திட்டே. ஊரே எந்திரிச்சு வந்துச்சு. செகண்ட் இன்ஜினியர் கோடாலியால பேனலப் பேத்தப்போ உள்ள ஒரு முழ நீளத்துக்கு கரியாகி கங்கு சிவந்து கெடந்துச்சு. உறுதியா தெரியாம ஏண்டா எல்லாரையும் எழுப்புனேன்னு அதுக்கு முந்தின நிமிஷம் வரைக்கும் உன் மேல கோவமா நின்னவன் நான். இத்தன வருஷத்துல உனக்கு நான் அதுக்கு நன்றியே சொல்லல. இந்தக் கப்பல் கதைங்களப் படிக்கும்போதுதான், கேப்டனுக்குத் தகவல் போக நேரமாச்சுங்கிற வரிய படிக்கும்போதுதான், டார்ச்சோட நின்ன நான் யாருன்னு தெரிஞ்சுது. நன்றி மாப்ள.

அன்னிக்கு அந்தப் பேனலுக்குள்ள இருந்த ஸ்விட்ச்ச நான் தூக்கிப் போடல. பாதி உருகி பித்தளை நாக்கு வெளிய துருத்திட்டு டூல் பாக்ஸ் அடியில இன்னும் கெடக்கு, மூடியத் திறந்தா இப்பவும் லேசா அந்த நாத்தம் வருது. வர்ற வெள்ளிக்கிழம முத்துநகர் எக்ஸ்பிரஸ்ல ஏறுறேன், எடுத்துட்டு வரேன், மருமக கைல குடுக்கணும். ஸ்டேஷனுக்கு நீ வராத, உனக்கு காலைல சுகர் இறங்கும், நானே ஆட்டோ பிடிச்சு வந்துக்கிறேன். தங்கச்சிகிட்ட ஊளி மீன் குழம்பு மட்டும் வெக்கச் சொல்லு.

உன் மச்சான்