ஞாயிறு மாலை பேட்ச்வொர்க் ஆட்டம்: உறுப்பினர்கள் கவனத்திற்கு

அனைவருக்கும் வணக்கம். வரும் ஞாயிறு மாலை 4 மணிக்கு, ஊவே ரோசன்பெர்க் வடிவமைத்து 2014இல் வெளிவந்த, ஒட்டுத்துணிகளை வாங்கித் தம் பலகையை நிரப்பும் பேட்ச்வொர்க் என்ற பலகை ஆட்டத்தை இருவர் இருவராக அமர்ந்து விளையாட இருக்கிறோம்.

புதியவர்களுக்காக ஒன்றைச் சொல்ல வேண்டும். ஒட்டுத்துணியின் விலையை மட்டும் பார்த்து வாங்காதீர்கள். இந்த ஆட்டத்தின் பணமான பொத்தான்களைக் கொடுத்து வாங்கிய பிறகு, அந்தத் துணியில் குறித்துள்ள நேர அளவு உங்கள் காய் காலப் பாதையில் முன்னேறும் என்பதாலும், பின்தங்கியிருப்பவருக்கே அடுத்த முறை என்பதாலும், குறைந்த நேரம் பிடிக்கும் துணிகளை எடுப்பவர் அடுத்தடுத்து இரண்டு மூன்று முறை ஆடிவிட முடியும். 81 கட்டங்கள் கொண்ட பலகையில் காலியாக நிற்கும் ஒவ்வொரு கட்டத்திற்கும் இறுதியில் 2 புள்ளிகள் கழியும். சென்ற முறை என் பலகையின் மூலையில், இரண்டு துணிகளுக்கு நடுவே ஒற்றைக் கட்டம் ஒன்று சிக்கிக்கொண்டது. அதை அடைக்கும் சிறு தோல் துண்டுகள் ஐந்தே உண்டு, அவையும் பாதையில் முந்திச் செல்பவருக்கே கிடைக்கும்.

கிறிஸ்துமஸ், ஹாலோவீன் பதிப்புகளை வைத்திருப்போர் தவறாமல் கொண்டுவாருங்கள். ஓவியங்கள் மாறினாலும் ஆட்டத்தின் அடிப்படை ஒன்றே. ஆயினும், முதன்முறை ஆடுவோர் மூலப் பதிப்பில் தொடங்குவதே நல்லது என்பது என் கருத்து. ஒரு பெட்டியின் துண்டுகள் மற்றொன்றில் கலந்துவிடாமல், புறப்படும் முன் 33 ஒட்டுத்துணிகளையும் எண்ணிப் பையிலிடுங்கள்.

வருகையைச் சனிக்கிழமை இரவுக்குள் இங்கேயே தெரிவிக்கவும்.