விளையாடாத ஆட்டத்துக்குப் பிடித்துக்கொண்ட 1,093 ரூபாய் 75 காசு

நாள்: 20.09.2025

பெறுநர்: குறைதீர்ப்பு அலுவலர் அவர்கள்

பொருள்: 20.08.2025 அன்று நான் செலுத்திய ரூ.5,000இல் இன்னும் திருப்பித் தராத ரூ.1,093.75 மற்றும் 2018 முதலான என் முழுக் கணக்கு விவரம் கேட்டல்.

ஐயா / அம்மா,

வணக்கம். முதலில் நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

ஆகஸ்ட் 20, புதன்கிழமை இரவு 8.40 மணிக்கு உங்கள் ஃபேன்டஸி கிரிக்கெட் ஆப்பில் ஜிபே மூலம் 5,000 ரூபாய் போட்டேன். வெள்ளிக்கிழமை காலை ஆஸ்திரேலியாவும் தென்னாப்பிரிக்காவும் மோதும் இரண்டாவது ஒருநாள் ஆட்டம். அந்த ஆட்டத்தின் வீரர்களிலிருந்து நானே ஓர் அணி போட்டு, களத்தில் அவர்கள் ஆடுவதற்குக் கிடைக்கும் புள்ளிகளை வைத்துப் பணப் போட்டியில் சேரத்தான் அந்தப் பணம். வெள்ளி காலை ஆப்பைத் திறந்தால், பணம் கட்டி ஆடும் போட்டிகள் எல்லாம் நிறுத்தப்பட்டுவிட்டன என்று ஓர் அறிவிப்பு. அதுவரை அந்த 5,000 ரூபாயில் ஒரு போட்டியில்கூட நான் சேரவில்லை. உடனே பணத்தைத் திருப்பி எடுக்க விண்ணப்பித்தேன். பதினெட்டு நாள் இழுத்தடித்து, செப்டம்பர் 9 அன்று 3,906 ரூபாய் 25 காசு என் வங்கிக் கணக்குக்கு வந்தது. மீதி 1,093 ரூபாய் 75 காசு வரவில்லை.

அந்த மீதி எங்கே என்பது எனக்கும் தெரியும், உங்களுக்கும் தெரியும். 2023 அக்டோபர் 1 முதல், வாடிக்கையாளர் போடும் முழுத் தொகைக்கும் 28 சதவீதம் ஜிஎஸ்டி வந்தது. 5,000 ரூபாய் போட்டால் அதற்குள்ளேயே வரி 1,093.75, ஆடுவதற்கு மிஞ்சுவது 3,906.25. அந்த மாற்றம் வந்தபோது எங்களில் பாதிப் பேர் விலகிவிடுவார்கள் என்று பயந்து நீங்கள் செய்தது என்ன? 'வரியை நாங்களே ஏற்றுக்கொள்கிறோம், நீங்கள் போடுவது முழுவதும் உங்களுக்கே' என்று ஆப்பின் முதல் பக்கத்திலேயே பெரிதாகப் போட்டீர்கள். வரியாகப் போன தொகைக்குச் சமமாக போனஸ் கொடுத்தீர்கள். அந்த வார்த்தையை நம்பித்தான் நானும் தொடர்ந்தேன். இப்போது போட்டிகள் இல்லை. போட்டி இல்லாத ஆப்பில் போனஸை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது? என் கணக்கில் இன்றைக்கும் 'போனஸ் ரூ.1,093.75' என்று பச்சை எழுத்தில் தெரிகிறது. அதைத் தொட்டால், 'போட்டிகளில் சேர மட்டும் பயன்படுத்தலாம்' என்று வருகிறது.

உங்கள் வாடிக்கையாளர் சேவையிலிருந்து வந்த ஒரே உருப்படியான பதில், ஜிஎஸ்டி விதிகளின்படி வாடிக்கையாளர் ஆடாமல் பணத்தைத் திரும்ப எடுத்தாலும் வரியைக் கழிக்க முடியாது என்பது. அந்த விதியை நானும் படித்துப் பார்த்தேன். விதி 31பி அப்படித்தான் சொல்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அது உங்களுக்கும் அரசுக்கும் நடுவில் உள்ள கணக்கு. வரியை நாங்கள் ஏற்கிறோம் என்று நீங்கள் வாக்குக் கொடுத்தது எனக்கு. அரசு உங்களுக்குத் திருப்பித் தரவில்லை என்பதால் அந்த வாக்கு எப்படி இல்லாமல் போகும்? ஏற்றுக்கொள்வது என்றால் அந்தச் சுமை உங்கள் தலையில் என்றுதானே அர்த்தம்? வியாபாரம் நடக்கும்வரை நாங்கள் ஏற்கிறோம், கடையைச் சாத்தினால் நீங்கள் ஏற்க வேண்டும் என்று எங்கேயும் எழுதியிருக்கவில்லை.

அப்புறம், அந்த புதன்கிழமை இரவைப் பற்றி.

ஆன்லைன் விளையாட்டுச் சட்ட மசோதா ஆகஸ்ட் 20 அன்று மக்களவையில் தாக்கலாகி அன்றைக்கே நிறைவேறியது. திறமை விளையாட்டோ அதிர்ஷ்ட விளையாட்டோ, பணம் வைத்து ஆடினால் தடை என்பதுதான் அதன் சாரம். மறுநாள் மாநிலங்களவை, அதற்கு மறுநாள் குடியரசுத் தலைவர் ஒப்புதல். நான் அன்று முழுவதும் வேலையில் இருந்தேன், செய்தி பார்க்கவில்லை. ஆனால் உங்கள் தொழிலே நிற்கப்போகிற செய்தி உங்களுக்குத் தெரியாமல் இருக்க முடியாது. தெரிந்த பிறகு, இரவு 8.10க்கு என் போனுக்கு என்ன வந்தது தெரியுமா? 'வெள்ளி மெகா போட்டி! இன்றே பணம் சேர்த்து உங்கள் இடத்தை உறுதி செய்யுங்கள்.' அதைப் பார்த்துத்தான் அரை மணி நேரத்தில் பணம் போட்டேன். அந்த அறிவிப்பின் ஸ்கிரீன்ஷாட்டை இணைத்திருக்கிறேன். என் மனதைப் பெரிதும் புண்படுத்தியது இதுதான். பணம் போனதைக்கூட ஒரு மாதிரி ஆற்றிக்கொள்ளலாம். கதவு மூடப்போகிறது என்று தெரிந்தும் கூப்பிட்டு உள்ளே உட்கார வைத்ததை ஆற்றிக்கொள்ள முடியவில்லை.

சிஸ்டம் தானாக அனுப்பும் அறிவிப்பு, எங்களால் உடனே நிறுத்த முடியாது என்று உங்கள் ஊழியர் ஒருவர் சாட்டில் சொன்னார். என்னால் ஏற்க முடியவில்லை. உங்கள் ஆப் எவ்வளவு துல்லியமாக வேலை செய்யும் என்பதை நான் கண்ணால் பார்த்தவன். 2022இல் குடும்பத்தோடு ரயிலில் திருப்பதி போய்க்கொண்டிருந்தேன். ஐபிஎல் ஆட்டம், டாஸ் போட்டு அணிகள் வந்துவிட்டன. கேப்டனை மாற்றிக்கொண்டிருந்தேன். கேப்டனுக்கு இரண்டு மடங்கு, வைஸ் கேப்டனுக்கு ஒன்றரை மடங்கு புள்ளி, அதனால் அந்தக் கடைசி அரை மணி நேரம்தான் எங்களுக்கு எல்லாமே. திருத்தணி தாண்டி வண்டி ஆந்திர எல்லைக்குள் நுழைந்த சில நிமிடத்தில், 'உங்கள் மாநிலத்தில் பணப் போட்டிகளுக்கு அனுமதி இல்லை' என்று திரை மாறிவிட்டது. ஆந்திராவில் 2020இலேயே தடை வந்துவிட்டது, சரி. சட்டத்தை மதித்தீர்கள், அதில் எனக்குக் குறையில்லை. இந்த வருடம் பிப்ரவரியில் தமிழ்நாட்டில் நள்ளிரவு 12 முதல் காலை 5 வரை ஆடக்கூடாது என்று விதி வந்த பிறகு அதையும் ஆப்பில் கொண்டுவந்தீர்கள். ஓடுகிற ரயில் மாநில எல்லையைத் தாண்டியதைக் கண்டுபிடிக்கிற ஆப்புக்கு, டெபாசிட் வாங்கும் பட்டனை ஒரு மாலை நேரம் மூடி வைக்கத் தெரியாதா?

நான் ஏதோ விளையாட்டுக்கு விரோதி என்று நினைத்துவிடாதீர்கள். 2018 ஐபிஎல் நேரத்தில் உங்கள் ஆப்பில் சேர்ந்தவன். அதற்கு முந்தைய வருடம்தான் பஞ்சாப் ஹரியானா உயர் நீதிமன்றம் ஃபேன்டஸி விளையாட்டு திறமை சார்ந்தது, சூதாட்டம் இல்லை என்று தீர்ப்புச் சொல்லியிருந்தது. நீதிமன்றமே சொல்லிவிட்டதே என்ற தைரியத்தில்தான் என்னைப் போன்றவர்கள் வந்தோம். பிறகு பம்பாய், ராஜஸ்தான் உயர் நீதிமன்றங்களும் அதே வழியில் போயின. இந்தத் தொழில் எவ்வளவு வேகமாக வளர்ந்தது என்பதற்கு ஒன்று சொன்னால் போதும்: 2020இல் ஐபிஎல் தொடரின் பெயரோடு தன் பெயரைச் சேர்க்கும் விளம்பர உரிமையையே ட்ரீம்11 என்ற ஃபேன்டஸி நிறுவனம் 222 கோடி ரூபாய்க்கு வாங்கியது. அப்படி வளர்ந்த தொழில், தன்னைத் தானே ஒழுங்குபடுத்திக்கொள்ளும் என்று நம்பினேன்.

அந்த நம்பிக்கை எப்போது தளர்ந்தது என்று யோசித்தால், ஒரு தரவரிசைப் பட்டியல்தான் நினைவுக்கு வருகிறது. 49 ரூபாய் கட்டிச் சேரும் போட்டி. நான் ஒரே ஓர் அணி போட்டிருந்தேன், இரண்டு நாள் யோசித்துப் போட்ட அணி. ஆட்டம் தொடங்கியதும் பட்டியலைக் கீழே தள்ளிக்கொண்டே போகிறேன், ஒரே பெயர் திரும்பத் திரும்ப வருகிறது. டீ1, டீ2, டீ3 என்று டீ20 வரை, அதாவது ஒரே ஆள் போட்ட இருபது அணிகள். ஒரு அணியில் விக்கெட் கீப்பர் கேப்டன், அடுத்ததில் வேகப்பந்து வீச்சாளர் கேப்டன், எப்படி விழுந்தாலும் ஒன்று மேலே நிற்கும்படி. அந்த மனிதர் விதியை மீறவில்லை. நீங்கள்தான் இருபது அணி வரை அனுமதித்தீர்கள். ஆனால் அவருக்கு எதிரே உட்காரும் புதியவருக்கு, எதிரில் இருப்பவர் யார் என்று ஒரு சின்ன அடையாளம்கூட நீங்கள் காட்டவில்லை.

அது செய்யவே முடியாத காரியம் இல்லை. அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் மாநிலம் 2016இலேயே விதி போட்டது: அதிக அனுபவம் உள்ளவர்களின் பெயருக்குப் பக்கத்தில் அடையாளம் இருக்க வேண்டும், புதியவர்களுக்குத் தனிப் போட்டிகள் வேண்டும், மாதம் ஆயிரம் டாலருக்கு மேல் போட முடியாமல் வரம்பு வேண்டும். அங்கே அதற்கு முந்தைய வருடம் வந்த ஓர் ஆய்வு, பேஸ்பால் பருவத்தின் முதல் பாதியில் லாபத்தின் 91 சதவீதம் வெறும் 1.3 சதவீத ஆட்டக்காரர்களுக்கே போனதாகச் சொன்னது. விளம்பரத்தில் மக்களைத் தவறாக நம்பவைத்தார்கள் என்ற நியூயார்க் அரசின் வழக்கில் அங்குள்ள ஃபேன்டஸி நிறுவனங்களான டிராஃப்ட்கிங்ஸும் ஃபேன்டூவலும் 2016இல் தலா 60 லட்சம் டாலர் கட்டிச் சமரசம் செய்துகொண்டன. இங்கே அப்படி ஒரு கணக்கை நீங்கள் ஒருமுறையாவது எங்களுக்குக் காட்டியிருந்தால், முழுத் தடை தவிர வேறு வழியில்லை என்று அரசு சொன்னபோது எங்களைப் போன்றவர்களே உங்களுக்காகப் பேசியிருப்போம். இது திறமை விளையாட்டு என்று நீதிமன்றத்தில் வாதாடினீர்கள். எங்களிடம் வரும்போது மட்டும் யார் திறமைசாலி, யார் புதியவர் என்பதை மறைத்துவிட்டீர்கள்.

ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். ஆடித் தோற்ற பணத்தை நான் கேட்கவில்லை. வங்கிக் கணக்கை எடுத்து வைத்து நானும் என் மனைவியும் இரண்டு இரவு உட்கார்ந்து கூட்டினோம். இந்த ஏழு வருடத்தில் உங்களுக்குப் போனது 86,450 ரூபாய், எனக்குத் திரும்பி வந்தது 31,200 ரூபாய். அந்தக் காகிதத்தைப் பார்த்து அவள் ஒன்றும் சொல்லவில்லை, மடித்து பீரோவில் வைத்துவிட்டாள். தெரிந்தே ஆடினேன், அந்த 55,250 ரூபாய்க்கு நானே பொறுப்பு. ஆனால் இந்தக் கூட்டலை நான் ஏன் பாஸ்புக்கை வைத்துச் செய்ய வேண்டியிருந்தது? உங்கள் ஆப்பில் கடைசி 12 மாத விவரம்தான் கிடைக்கிறது. நான் போட்ட ஒவ்வொரு ரூபாயும், சேர்ந்த ஒவ்வொரு போட்டியும், வந்த பரிசும், பிடித்த வரியும் உங்களிடம் இருக்கிறது. 2023 ஏப்ரலிலிருந்து நிகர வெற்றித் தொகையில் 30 சதவீதம் டிடிஎஸ் (கையில் தருவதற்கு முன்பே பிடிக்கும் வருமான வரி) பிடித்தீர்களே, அந்தக் கணக்கு இல்லாமலா பிடித்தீர்கள்? 2018 முதலான முழு விவரமும் எனக்கு வேண்டும். அது என் கணக்கு.

இதுவரை மூன்று முறை புகார் கொடுத்துவிட்டேன். ஆகஸ்ட் 25, செப்டம்பர் 1, செப்டம்பர் 10. மூன்று முறையும் 'உங்கள் கோரிக்கை தீர்க்கப்பட்டது' என்று நீங்களே முடித்துவைத்துவிட்டு, சேவையை மதிப்பிட ஐந்து நட்சத்திரம் காட்டினீர்கள். என்ன தீர்ந்தது என்று ஒரு வரி இல்லை. தகவல் தொழில்நுட்ப விதிகளின்படி குறைதீர்ப்பு அலுவலர் 24 மணி நேரத்தில் புகாரைப் பெற்றதாகத் தெரிவித்து, 15 நாளில் முடிவு சொல்ல வேண்டும். அதனால்தான் இந்த முறை சாட்டை விட்டுவிட்டு நேரே உங்களுக்கே எழுதுகிறேன்.

நான் கேட்பது இவ்வளவுதான். ரூ.1,093.75ஐ பணமாகத் திருப்பித் தாருங்கள், போனஸாக வேண்டாம். முழுக் கணக்கு விவரத்தை மின்னஞ்சலில் அனுப்புங்கள். ஆகஸ்ட் 20 மாலைக்குப் பிறகு பணம் சேர்க்கச் சொல்லி அறிவிப்பு அனுப்பும் முடிவை யார் எடுத்தார்கள் என்று எழுத்தில் பதில் சொல்லுங்கள். அன்று இரவு என்னைப் போலப் பணம் போட்ட மற்றவர்களுக்கும், அவர்கள் கேட்காவிட்டாலும், அதே மீதியைத் திருப்பித் தர வேண்டும் என்றும் கேட்டுக்கொள்கிறேன். ஐந்நூறு ரூபாய் போட்டவர் 109 ரூபாய்க்காகக் கடிதம் எழுதிக்கொண்டிருக்க மாட்டார், விட்டுவிடுவார். அதை நீங்கள் லாபமாக எடுத்துக்கொள்ளக் கூடாது.

புதிய சட்டத்தை எதிர்த்த வழக்குகள் இப்போது உச்ச நீதிமன்றத்துக்கு மாறியிருக்கின்றன. தீர்ப்பு எப்படி வந்தாலும் இந்தப் புகாருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. தீர்ப்பு வரட்டும், பிறகு பார்க்கலாம் என்று தயவுசெய்து பதில் எழுதாதீர்கள்.

அக்டோபர் 5க்குள் பதில் வராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915இல் பதிவு செய்துவிட்டு, நான் வசிக்கும் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் மனு போடுவேன். 5 லட்சம் ரூபாய் வரையிலான வழக்குக்குக் கட்டணம் இல்லை, சொந்த மாவட்டத்திலேயே போடலாம் என்று விசாரித்துத் தெரிந்துகொண்டேன்.

ஆகஸ்ட் 20 பணம் செலுத்திய ரசீது, அன்றைய அறிவிப்பு, 'வரியை நாங்களே ஏற்கிறோம்' என்ற உங்கள் பக்கம், மூன்று புகார்களின் எண்கள், எல்லாவற்றையும் இத்துடன் இணைத்திருக்கிறேன். செப்டம்பர் 9 அன்று 3,906 ரூபாய் வந்த அதே வங்கிக் கணக்குக்கு மீதியையும் அனுப்பலாம், எண் மாறவில்லை.

இப்படிக்கு,
2018 முதல் உங்கள் வாடிக்கையாளர்
(பதிவு செய்த கைபேசி எண்ணும் கணக்கு எண்ணும் இணைப்பில் உள்ளன)