பஸ் கண்ணாடி

அன்புள்ள சேகர்,

தீபாவளிக்குப் பிறகு ஒரு வரி எழுதவில்லை என்று திட்டாதே. உன் மூட்டுவலி எப்படி? வசந்தாவுக்குச் சர்க்கரை கொஞ்சம் அடங்கியிருக்கிறது. அது கிடக்கட்டும்.

குடிதண்ணீர் கேட்டு எங்கள் தெருவே போன மாதம் மறியல் செய்தது. காலிக் குடங்களோடு பெண்கள்தான் முன்னால். அத்தனை ஒழுங்கு. பஸ்ஸில் மாட்டிக்கொண்டவர்களே இறங்கி வந்து, ‘நியாயம்தானே’ என்றார்கள். அப்புறம் எவனோ ஒருத்தன் கல்லை விட்டான். மறுநாள் பேப்பரில் பஸ் கண்ணாடி இருந்தது, தண்ணீர் இல்லை. பையன்கள் இப்போது ஸ்டேஷனுக்கு அலைகிறார்கள்.

‘அகிம்சையெல்லாம் காந்தியோட போச்சுடா’ என்பாய். மெஸ் ஸ்டிரைக்கில் சாம்பார் வாளியைக் கவிழ்த்த மகானல்லவா!

ஜேம்ஸ் லாசனைப் பற்றிச் சொல்கிறேன், கேள். அமெரிக்கக் கறுப்பினப் பாதிரியார். கொரியப் போரின்போது ராணுவத்தில் சேர மறுத்து ஜெயிலுக்குப் போனவர். பிறகு நாக்பூரில் சில வருடம் இருந்து காந்தியின் வழியைப் படித்துக்கொண்டு போனார். 1959-ல் நாஷ்வில் நகரில், ஒரு சர்ச்சில் வைத்து மாணவர்களுக்குப் பயிற்சி கொடுத்தார். என்ன பயிற்சி தெரியுமா? கொஞ்சம் பேர் நாற்காலியில் உட்காரவேண்டும். மற்றவர்கள் காது கூசத் திட்டி, முகத்தில் சிகரெட் புகையை ஊதி, கீழே இழுத்துத் தள்ளவேண்டும். திருப்பிக் கை ஓங்கக் கூடாது. அடி விழுந்தால் தலையை எப்படிக் காப்பது என்பதும் பாடம். சிலம்பம் கற்க ஆசான் வேண்டுமென்றால், இதற்கு வேண்டாமா?

1960 பிப்ரவரியில் வெள்ளையருக்கு மட்டும் சோறு போட்ட கடைகளில் போய் உட்கார்ந்தார்கள். அடித்தவர்களை விட்டுவிட்டு அடி வாங்கியவர்களைத்தான் போலீஸ் பிடித்தது. ஒரு வரிசையைக் கொண்டுபோனால் அடுத்த வரிசை வந்து உட்கார்ந்தது. வெறும் பொறுமை மட்டுமில்லை. கறுப்பின மக்கள் அந்தக் கடைவீதிப் பக்கமே போகாமல் வியாபாரத்தைப் படுக்கவைத்தார்கள். ஏப்ரல் 19 அன்று அவர்களுடைய வக்கீல் வீட்டில் வெடிகுண்டு. அன்றைக்கே ஆயிரக்கணக்கானோர் சத்தமில்லாமல் மேயரிடம் நடந்தார்கள். டயான் நாஷ் என்ற 21 வயதுப் பெண், ‘நிறம் பார்த்து ஒதுக்குவது தப்பா, இல்லையா’ என்று நேராகக் கேட்டாள். மேயரால் தப்பு என்றுதான் சொல்ல முடிந்தது. மே 10-ல் கடைகள் வழிவிட்டன.

அங்கே ஒரு கல் பறந்திருந்தால் மேயர் அதைப் பற்றித்தான் பேசியிருப்பார். எங்கள் தெருவில் யாரும் ஒத்திகை பார்க்கவில்லை, சேகர்.

அடுத்த மறியலுக்கு முன் மொட்டைமாடியில் ஒத்திகை வைக்கலாமா என்று பையன்களிடம் கேட்டேன். முதலில் சிரித்தார்கள், பிறகு சரி என்றார்கள். வாய்கூசாமல் திட்ட ஓர் ஆள் வேண்டும். உன்னை விட்டால் யார்? டிக்கெட் போட்டுவிட்டுச் சொல்.

உன்
மணி