கலாய்க்கிறது வேற, கேவலப்படுத்துறது வேற

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன இதழ்ல நாகரிகமான பேச்சு பத்தி வந்த கட்டுரை படிச்சேன். கெட்ட வார்த்தையையும் மிரட்டலையும் கண்டிச்சது ரொம்ப சரி, ஆனா அதே மூச்சுல ஃப்ரெண்ட்ஸ் ஒருத்தர ஒருத்தர் கலாய்ச்சுக்கிறதையும் இழுத்து எல்லாமே வன்மம்தான்னு முடிச்சிட்டீங்களே, அதுதான் மனசுக்கு ஒப்பல.

நானும் என் ஃப்ரெண்டும் 15 வருஷமா வாய்ச்சண்டை போடுறவங்க. ஒருநாள் நான் "நீ பேச ஆரம்பிச்சா செவுத்துல இருக்குற கடிகாரமே தூங்கிரும்டி"ன்னேன். அவ கொஞ்சம்கூட யோசிக்கல, "அது தூங்கிட்டதாலதான் நீ லேட்டா வந்தது யாருக்கும் தெரியல"ன்னா. சுத்தி இருந்தவங்க எல்லாம் கைதட்டிட்டாங்க. நான் எடுத்த கடிகாரத்தையே புடுங்கி என் தலையிலயே போட்டா பாருங்க, புதுசா ஒரு திட்டு தேடிட்டு வந்திருந்தா அந்த கைதட்டல் கெடச்சிருக்காது.

இது ஏதோ எங்க ரெண்டு பேர் பழக்கம் மட்டும் இல்ல சார். ஜரீர், ஃபரஸ்தக்னு உமையாங்கிற பழைய அரபு அரச வம்சம் ஆண்ட காலத்துல ரெண்டு அரபுக் கவிஞர்கள் இருந்தாங்க, வருஷக்கணக்கா பாட்டாலயே அடிச்சுக்கிட்டாங்க. ஒருத்தர் வசை பாடினா அடுத்தவர் அதே சந்தம், அதே இயைபுலதான் திருப்பிப் பாடணும், வேற சந்தத்துக்கு ஓடக்கூடாது. இன்னைக்கு இராக்ல இருக்குற பாஸ்ரா நகரத்துல மிர்பத் சந்தையில இதைக் கேக்கவே கூட்டம் கூடும். கிரீன்லாந்துல இன்யூட்ங்கிற பூர்வகுடி மக்கள் நடுவுல அந்தக் காலத்துல தகராறு வந்தா ரெண்டு பேரும் பறை தட்டிக்கிட்டே மாத்தி மாத்தி கேலிப்பாட்டு பாடுவாங்க, ஊர் சிரிக்கிறதுதான் தீர்ப்பு, கோவப்பட்டவன் தோத்தான். கத்தி எடுக்க வேண்டிய இடத்துல பாட்டு எடுத்திருக்காங்க, இதைப் போய் வன்மம்னு எப்படி சொல்றது?

அமெரிக்காவுல கறுப்பினப் பசங்க 'டசன்ஸ்'னு ஒரு வாய்ச்சண்டை விளையாட்டு ஆடுவாங்க, அதுல முக்கால்வாசி அடுத்தவன் அம்மாவைப் பத்தின கிண்டல்தான், கேட்டா நமக்கே பகீர்னு இருக்கும். வில்லியம் லபோவ்னு ஒரு மொழியியலாளர் 1960கள்ல நியூயார்க்ல இருக்குற ஹார்லெம் பகுதிப் பசங்க பேச்சை ரெக்கார்டு பண்ணி ஆராய்ஞ்சவர், அவர் கவனிச்ச ஒரு விஷயத்தை நான் மறக்கவே மாட்டேன். சொல்ற திட்டு பச்சைப் பொய்னு கேக்குற எல்லாருக்கும் தெரியணும், அப்பத்தான் அது விளையாட்டு, பதிலுக்கு இன்னொரு திட்டு வரும். அதுல நெஜம் கலந்துச்சுன்னா பதில் வராது, "இல்ல, அப்படி இல்ல"ன்னு மறுப்புதான் வரும்.

இதை நான் கண்ணாலயே பாத்திருக்கேன். இன்னொரு நாள் பேச்சு வேகத்துல அவளுக்கு வேலை போனதை நான் இழுத்துட்டேன். அவ திருப்பி அடிக்கல. மெதுவா, "என்னை அனுப்பல, நானாதான் வந்தேன்"னு மட்டும் சொன்னா. ஒருத்தர்கூட சிரிக்கல. சாயங்காலம் அவ வீட்டுக்கே போய் மன்னிப்பு கேட்டேன்.

உங்க கட்டுரை கண்டிச்சிருக்க வேண்டியது நான் அன்னைக்கு பண்ணதைத்தான், கடிகாரத்தை இல்ல. திருப்பிப் பேச முடியாதவங்களை, முகம் தெரியாதவங்களை நாலு பேர் சேர்ந்து நோகடிக்கிறாங்களே, அதையும் நல்லா கண்டிங்க. தயவுசெஞ்சு அடுத்த இதழ்லயாவது இந்த ரெண்டையும் பிரிச்சு எழுதுங்க. ஃபரஸ்தக் செத்தப்போ அவருக்கு இரங்கல் பாட்டு பாடினது ஜரீர்னு சொல்வாங்க, அதையும் சேர்த்துப் போடுங்க.

இப்படிக்கு,
உங்கள் நீண்ட நாள் வாசகி