மேரி ஹிக்கின்ஸ் கிளார்க்: விடுபட்ட பத்தொன்பது ஆண்டுகள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் அமெரிக்க சஸ்பென்ஸ் நாவலாசிரியை மேரி ஹிக்கின்ஸ் கிளார்க் பற்றி வெளியான கட்டுரை, முதல் நாவலிலேயே அவர் புகழும் பணமும் குவித்துவிட்டதாகச் சொல்கிறது. முதல் நாவல் என்பதும் தவறு, அதிலேயே பணம் குவிந்தது என்பதும் தவறு. 1975இல் வெளிவந்த 'வேர் ஆர் தி சில்ட்ரன்?' அவருடைய இரண்டாவது நாவல். அதற்கு சைமன் அண்ட் ஷூஸ்டர் பதிப்பகம் கொடுத்த முன்பணம் 3,000 டாலர். பேப்பர்பேக் உரிமை 1,00,000 டாலருக்குப் போனது அதற்குப் பிறகுதான். பெரிய பணம் வந்தது 1977இல் வெளியான 'எ ஸ்ட்ரேஞ்சர் இஸ் வாட்ச்சிங்' நாவலுக்கு: கெட்டி அட்டைப் பதிப்புக்கு 5 லட்சம், பேப்பர்பேக்குக்கு 10 லட்சம் டாலர்.

தொகையைத் திருத்துவதற்காக மட்டும் இதை எழுதவில்லை. அவருடைய முதல் சிறுகதை அச்சேறியது 1956இல். அதிலிருந்து 1975 வரையிலான பத்தொன்பது ஆண்டுகளைக் கட்டுரை தாண்டிப் போய்விட்டது. அவர் எழுத்தைக் கற்றுக்கொண்டது அந்த ஆண்டுகளில்தான். மர்மக் கதை எழுத விரும்பும் நம் இளைஞர்களுக்குத் தேவைப்படுவதும் அதுதான்.

1927 டிசம்பர் 24இல் நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் பிறந்தவர். அயர்லாந்திலிருந்து குடியேறி மதுக்கடை நடத்திவந்த தந்தை, மகளுக்குப் பதினொரு வயதானபோது இறந்தார். தாய் வீட்டு அறைகளை வாடகைக்கு விட்டுக் குடும்பத்தை நடத்தினார். மேரி ஓட்டலில் டெலிபோன் ஆபரேட்டராக இருந்தார், செயலர் பயிற்சி பெற்று விளம்பரப் பிரிவில் வேலை பார்த்தார், பிறகு ஓராண்டு பான் அமெரிக்கன் விமானப் பணிப்பெண். திருமணத்துக்குப் பிறகு நியூயார்க் பல்கலைக்கழகத்தின் எழுத்து வகுப்பில் சேர்ந்தார். உனக்குத் தெரிந்த ஓர் உண்மைச் சம்பவத்தை எடுத்துக்கொள், 'ஒருவேளை', 'இப்படி நடந்தால்?' என்று கேட்டுக்கொண்டே போ என்பது அங்கே கிடைத்த பாடம். செக்கோஸ்லோவாகியாவுக்குப் போய்வந்த விமானப் பயணம் அவர் நினைவில் இருந்தது. அந்த விமானத்தில் தலைமறைவு இயக்க இளைஞன் ஒருவன் ஒளிந்திருப்பதைப் பணிப்பெண் பார்த்துவிட்டால்? இப்படிப் பிறந்த கதை ஆறு ஆண்டுகளில் 40 முறை திரும்பி வந்தது. கடைசியில் ஒரு பத்திரிகை 100 டாலருக்கு வாங்கிக்கொண்டது.

இந்தக் கேள்விகளோடு 'ஏன்?' என்பதையும் அவர் சேர்த்துக்கொண்டார். அவரைப் பின்பற்றுகிறவர்கள் பெரும்பாலும் சறுக்குவது இந்த மூன்றாவது கேள்வியில். 'இப்படி நடந்தால்?' என்று கேட்டுத் திடுக்கிடும் தொடக்கத்தை யாரும் பிடித்துவிடலாம். குற்றவாளி ஏன் அதைச் செய்தான், ஏன் இத்தனை நாள் காத்திருந்தான் என்பதற்கு முதல் அத்தியாயத்துக்கு முன்பே பதில் தயாராக இல்லாவிட்டால், கடைசி இருபது பக்கங்களில் ஒரு பாத்திரத்தை உட்காரவைத்து விளக்கம் சொல்லவைக்க வேண்டிவரும். அதுவரை ஏற்றிவைத்த பதற்றம் அங்கே இறங்கிப்போகும்.

1964இல் கணவர் மாரடைப்பில் இறந்தபோது ஐந்து குழந்தைகள். பிழைப்புக்காக வானொலிக்கு நான்கு நிமிடச் சித்திரங்கள் எழுதினார். நான்கு நிமிடத்துக்குள் ஒரு மனிதரை அறிமுகம் செய்து, ஒரு நிகழ்ச்சியைச் சொல்லி, நேயர் நிலையத்தை மாற்றாமல் முடிக்க வேண்டும். வேண்டாத வாக்கியத்துக்கு அங்கே இடமே இல்லை. அவருடைய நாவல்களில் அத்தியாயங்கள் குட்டையாகவும் வேகமாகவும் இருப்பதன் வேர் இந்தப் பயிற்சிதான் என்பது என் கணிப்பு. வேலைக்குப் போகும் முன், குழந்தைகள் எழுவதற்கும் முன், காலை 5 மணி முதல் 7 மணி வரை சமையலறை மேசையில் நாவல் எழுதினார். அப்படி 1960களின் இறுதியில் வந்த முதல் நாவல் ஜார்ஜ் வாஷிங்டன் தம்பதியரைப் பற்றியது. விற்கவில்லை. வரலாற்று நாவலை விட்டு, தான் விரும்பிப் படித்த சஸ்பென்ஸுக்கு அவர் திரும்பியது அதன் பிறகுதான்.

1975 நாவலின் கட்டுமானத்தை மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். நியூயார்க்கையே உலுக்கிய ஒரு வழக்கு: பெற்ற பிள்ளைகளைக் கொன்றதாக ஒரு தாய்மீது குற்றச்சாட்டு. கிளார்க் கேட்டது இது: அந்தத் தாய் நிரபராதியாக இருந்து, விடுதலையாகி, வேறு ஊரில் புது வாழ்க்கை தொடங்கி, அங்கே பிறந்த பிள்ளைகளும் காணாமல் போனால்? கேப் காட் கடற்கரையில் ஏறக்குறைய ஒரே நாளுக்குள் கதை முடிகிறது. குழந்தைகளைக் கடத்தியவனின் மனத்துக்குள் வாசகரைத் தொடக்கத்திலேயே கொண்டுபோய் விடுகிறார். அவன் உண்மையில் யார் என்பதை மட்டும் கடைசிவரை சொல்வதில்லை. ஆபத்து எங்கே இருக்கிறது என்று நமக்குத் தெரியும், தேடுகிறவர்களுக்குத் தெரியாது. பதற்றம் அதில் பிறக்கிறது. ஆள் யார் என்ற புதிர் தனியாக ஓடுகிறது. துப்பறியும் கதைக்கும் சஸ்பென்ஸுக்கும் உள்ள வேறுபாட்டை விளக்க இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை. ஒரு நாள் என்ற எல்லையை எடுத்துவிட்டு இதே கதையை ஒரு மாதத்துக்கு நீட்டிப் பாருங்கள். போலீஸ் விசாரணை நாவலாகிவிடும்.

ரத்தம் தெறிக்கும் காட்சி இல்லாமல் திகில் எழுத முடியாது என்ற தொனியும் கட்டுரையில் இருக்கிறது. அமெரிக்க மர்ம எழுத்தாளர் சங்கத்தின் விழாவில் 2001 முதல் வழங்கப்படும் மேரி ஹிக்கின்ஸ் கிளார்க் விருதின் விதிகளைப் பாருங்கள்: நாயகி ஏறத்தாழ 27 முதல் 38 வயதுக்குள், சொந்தக் காலில் நிற்பவள், தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருப்பவளைத் தேடி ஆபத்து வர வேண்டும், சொந்தத் துணிவாலும் அறிவாலும் அவள் மீள வேண்டும், வன்முறை கண்முன் நிகழக் கூடாது, ஆபாசமும் கெட்ட வார்த்தையும் கூடாது. அவருடைய சொந்த நாவல்களின் இலக்கணமும் இதுதான். இந்த இலக்கணத்தோடு அமெரிக்காவில் மட்டும் 10 கோடிப் பிரதிகளுக்கு மேல் விற்றவர் அவர்.

சங்கத் தலைவர் பதவி (1987), கிராண்ட் மாஸ்டர் விருது (2000) ஆகியவற்றைக் கட்டுரை சரியாகக் குறிப்பிட்டது மகிழ்ச்சி. நாவல்கள் லட்சக்கணக்கில் விற்றுக்கொண்டிருந்தபோதே, 1979இல், 51 வயதில் ஃபோர்டம் பல்கலைக்கழகத்தில் தத்துவப் பட்டம் பெற்றதையும் சேர்த்திருக்கலாம். 2020 ஜனவரி 31இல், 92 வயதில் காலமாகும் வரை எழுத்தை அவர் விடவில்லை.

திருத்தம் வெளியிடும்போது வாஷிங்டன் நாவலையும் பட்டியலில் முதலாவதாகச் சேர்த்துவிடுங்கள். 'மவுண்ட் வெர்னான் லவ் ஸ்டோரி' என்ற புதுப் பெயரில் 2002இல் அது மறுபதிப்பு கண்டது. தேடுகிற வாசகர்கள் அந்தப் பெயரில்தான் தேட வேண்டும்.

இப்படிக்கு,
மர்ம நாவல் வாசகர் ஒருவர்