பட்டறையில் வளர்ந்த பிள்ளை

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதம் வந்தது. தங்கச்சிக்கு முட்டி வலி குறைந்து மாடிப்படி ஏற ஆரம்பித்துவிட்டது என்று படித்ததும் நிம்மதியாக இருந்தது. இங்கே அம்மா சௌக்கியம். கண் ஆபரேஷனுக்குப் பிறகு பேப்பரில் வரன் விளம்பரம் முதற்கொண்டு ஒரு வரி விடுவதில்லை. கம்பெனியில் வேலை ஓடுகிறது. இந்த மாதம் சாம்பிள்களே மலைபோல் கிடப்பதால் வீட்டுக்கு வர ராத்திரி ஆகிவிடுகிறது.

மற்றதெல்லாம் அப்புறம். உன் மகள், நம் பாப்பா விஷயத்துக்கு வருகிறேன். லேத்துச் சத்தத்தில் வளர்ந்த பிள்ளை டிசைன் கல்லூரியில் சேர்ந்து துணி தைக்கப் போய்விட்டாள், அதிலும் தார்ப்பாய், ரப்பர் ஷீட், ஸ்லிங் பெல்ட் என்று பட்டறையில் கழித்துப்போட்டதையே சட்டையாகத் தைத்துக்கொண்டு வந்து நிற்கிறாள், இதையெல்லாம் யார் போடுவார்கள் என்று கேட்டிருக்கிறாய். போனில் பதில் சொன்னால் பாதியிலேயே வாக்குவாதம் ஆகிவிடும். அதனால்தான் எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

முதலில் அந்த ஸ்லிங் பெல்ட். மிஷினைத் தூக்கவும் லாரியில் இழுத்துக் கட்டவும் நீ வைத்திருக்கிறாயே, அந்த மாதிரி மஞ்சள் பட்டையை இடுப்பு பெல்ட்டாக்கி உலகம் முழுக்க விற்றவர் விர்ஜில் அப்லோ என்ற அமெரிக்கர். ஆஃப்-ஒயிட் என்ற அவருடைய பிராண்ட் 2013-இல் ஆரம்பித்தது. அந்த பெல்ட்டுக்கு 'இண்டஸ்ட்ரியல் பெல்ட்' என்றே பெயர். விலை 200 டாலருக்கு மேல். பையன்கள் போட்டி போட்டுக்கொண்டு வாங்கினார்கள். அப்லோ ஃபேஷன் படித்தவர் இல்லை. அவருடைய அம்மா கானாவிலிருந்து அமெரிக்கா போன தையல்காரர். மகன் விஸ்கான்சினில் சிவில் இன்ஜினியரிங் முடித்து, சிகாகோவில் கட்டடக்கலையில் முதுகலை படித்தார். 2018-இல் லூயி விட்டான் என்ற பிரெஞ்சு ஆடம்பர பிராண்ட் தன் ஆண்கள் உடைப் பிரிவையே அவரிடம் ஒப்படைத்தது. 2021-இல் புற்றுநோயால் 41 வயதில் இறந்துபோனார்.

ஆனால் நான் உனக்குச் சொல்ல வந்தது அப்லோவைப் பற்றி அல்ல, அவரிடம் வேலை கற்ற ஒரு பையனைப் பற்றி. சாமுவேல் ராஸ். 1991-இல் லண்டன் பிரிக்ஸ்டனில் பிறந்தவர். வளர்ந்தது நார்தாம்ப்டன்ஷயரில். இங்கிலாந்தில் செருப்பு, ஷூ என்றால் அந்த மாவட்டம்தான். டாக்டர் மார்ட்டென்ஸ் பூட்ஸ் பிறந்த தொழிற்சாலையும் அங்கேதான் இருக்கிறது. ராஸ் லெஸ்டரில் டி மான்ட்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தில் கிராஃபிக் டிசைன் படித்தார். அவரும் ஃபேஷன் படிக்கவில்லை, கவனித்துக்கொள். அவர் இன்ஸ்டாகிராமில் போட்டு வைத்திருந்த வேலைகள் அப்லோவின் கண்ணில் பட்டு, உதவியாளராகச் சேர்ந்தார். சில வருடம் அங்கே வேலை பழகிவிட்டு, 2015-இல் சொந்தமாக ஏ-கோல்ட்-வால் என்ற பிராண்டைத் தொடங்கினார். அப்போது வயது 24.

ஆரம்பத்தில் டீ-ஷர்ட், ஸ்வெட் ஷர்ட், மேலே ஸ்கிரீன் பிரிண்ட், அவ்வளவுதான். திருப்பூரில் சின்ன யூனிட் வைத்திருக்கிறவன்கூடச் செய்துவிடக்கூடிய சரக்கு. ஆனால் பையன் அங்கேயே நிற்கவில்லை. இங்கிலாந்தில் அரசாங்கம் கட்டிக்கொடுத்த வாடகைக் குடியிருப்புகள் உண்டு, நம் ஹவுசிங் போர்டு மாதிரி. அந்தக் கான்கிரீட், அந்தச் சுவரின் சொரசொரப்பு, அங்கே வாழும் தொழிலாளிக் குடும்பங்களின் வேலை உடுப்பு, இதெல்லாம் துணியில் வந்தாக வேண்டும் என்று முடிவு பண்ணினார். நிறம் பார்த்தால் சிமெண்ட், ஸ்லேட், களிமண். துணி பார்த்தால் நைலான், கோட்டிங் போட்ட துணி, கண்ணாடி மாதிரி ஊடுருவித் தெரியும் பிளாஸ்டிக் ஷீட். விளிம்பை மடிக்காமல் வெட்டிய வெட்டு அப்படியே தெரியும். பாக்கெட் உடம்போடு ஒட்டாமல் பெட்டிபோல் தனியாக நிற்கும்.

எனக்கு அவருடைய எல்லா உடுப்பும் பிடிக்கும் என்று சொல்ல மாட்டேன். ஆரம்ப வருடங்களில் வாரும் கொக்கியும் கொஞ்சம் அதிகம். ஒரு ஜாக்கெட்டில் இத்தனை வார் இருந்தால் அதைப் போட்டுக்கொண்டு பஸ் ஏற முடியுமா என்று கேட்கத் தோன்றும். ஆனால் பின்னால் வந்த கோட்டுகளைப் பார். அந்த ஆரவாரமெல்லாம் அடங்கி, வெட்டும் தையலும் மட்டும் பேசும். சும்மா பார்வைக்காக ஒட்டியதெல்லாம் உதிர்ந்து, வேலைக்குத் தேவையானது மட்டும் நின்றது. ஒரு கைத்தொழில்காரன் முதிர்வது அப்படித்தான். உனக்கு நான் இதை விளக்க வேண்டியதில்லை. வேலைத் துண்டைப் பிடித்து வைக்க நீ முதலில் செய்த ஜிக்கையும் இப்போது செய்கிற ஜிக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்.

2018-இல், லூயி விட்டானுக்கு உரிமையாளரான எல்விஎம்எச் குழுமம் இளம் வடிவமைப்பாளர்களுக்குக் கொடுக்கும் பரிசின் இறுதிச் சுற்று வரைக்கும் போனார். பரிசு ஒரு ஜப்பான்காரருக்குப் போயிற்று. அதே வருடக் கடைசியில் லண்டனில் பிரிட்டிஷ் ஃபேஷன் அவார்ட்ஸில் ஆண்கள் உடைக்கான வளரும் திறமையாளர் விருது இவருக்கு. நைக்கி கூப்பிட்டது, ஓக்லி கூப்பிட்டது, கான்வெர்ஸ் கூப்பிட்டது. தான் வளர்ந்த மாவட்டத்தின் டாக்டர் மார்ட்டென்ஸோடும் சேர்ந்து ஷூ செய்தார். எனக்கு அதுதான் ரொம்பப் பிடித்தது.

இனி வருவது உனக்கே பிடிக்கும். 2019-இல் ஹூப்ளோ என்ற சுவிஸ் கடிகாரக் கம்பெனியின் டிசைன் பரிசு கிடைத்தது. 2022-இல் அதே கம்பெனிக்கு ஒரு கைக்கடிகாரம் வடிவமைத்தார். டைட்டானியத்தில் அறுகோண வலை, ஆரஞ்சு நிற ரப்பர் வார், மொத்தமே 50 கடிகாரம். டைட்டானியத்தில் மெல்லிய சுவர் விட்டு அறுகோணம் வெட்டுவது எவ்வளவு பாடு, டூல் எப்படித் தின்னும் என்று உனக்குத் தெரியும். சட்டையில் ஆரம்பித்த ஒருவர் அங்கே போய் நிற்கிறார். 2019-லேயே எஸ்ஆர்ஏ என்று தனியாக ஒரு டிசைன் ஸ்டுடியோ வைத்துக்கொண்டார். இரும்பிலும் கல்லிலும் இருக்கைகள் செய்து கேலரிகளில் வைக்கிறார். 2025-இல் லண்டன் டிசைன் பியெனாலே என்ற பெரிய கண்காட்சிக்குக் கலை இயக்குநராகவும் இருந்தார்.

இந்த வழியில் ராஸ் முதல் ஆளும் இல்லை. இத்தாலியில் போலோக்னா ஊரில் மாசிமோ ஓஸ்தி என்று ஒருவர் இருந்தார், அவரும் கிராஃபிக் டிசைனர்தான். லாரித் தார்ப்பாய் மாதிரி இரண்டு பக்கமும் இரண்டு நிறத்தில் கெட்டியான ஒரு துணியை எடுத்து, கல் போட்டு அலசி இளக்கி, ஜாக்கெட் தைத்தார். அதற்காகவே 1982-இல் பிறந்த பிராண்ட்தான் ஸ்டோன் ஐலண்ட். துணியாகச் சாயம் ஏற்றாமல் தைத்து முடித்த உடுப்பை அப்படியே சாயத் தொட்டியில் போடுகிறோமே, கார்மெண்ட் டை, அதைப் பெரிய அளவில் செய்து காட்டியவர்களில் அவர் முக்கியமானவர். இங்கே எங்கள் சாயப்பட்டறைக்காரர்களுக்கு அவர் பெயர் தெரியாது, அவர் காட்டிய வேலை தெரியும். லண்டனில் கிரேக் கிரீன் என்று இன்னொருவர், அப்பா பிளம்பர். வேலைக்காரர்கள் போடும் ஜாக்கெட்டைப் பஞ்சு வைத்துத் தைத்து, கயிறு தொங்கவிட்டுப் பேர் வாங்கியவர். 2013-இல் ஆட்களின் முகத்தில் மரச் சட்டங்களை மாட்டி மேடையேற்றியபோது பத்திரிகைகள் கேலி செய்தன. மறு வருடம் 2014-இல் வளரும் ஆண்கள் உடை வடிவமைப்பாளர் விருது அவருக்கே வந்தது. அப்புறம் 2016, 17, 18 என்று தொடர்ந்து மூன்று வருடம் ஆண்கள் உடையில் பிரிட்டனின் சிறந்த வடிவமைப்பாளர்.

இத்தனை பேரைப் பற்றி ஏன் எழுதுகிறேன் என்றால், தொழிற்சாலைத் தோற்றத்தைத் துணிக்கு மேலே ஒட்டுகிறவர்கள் ஆயிரம் பேர் இருக்கிறார்கள். ஒரு பல்சக்கரப் படத்தைப் பிரிண்ட் போட்டால் முடிந்தது வேலை. நின்றவர்கள் எல்லாம் பொருளைத் தெரிந்தவர்கள். எது வளையும், எது வெடிக்கும், எதைச் சூடு பண்ணினால் என்ன ஆகும் என்று தெரிந்தவர்கள். அந்த அறிவு நம் பாப்பாவுக்கு உன் பட்டறையிலிருந்து வந்திருக்கிறது. நீ அதைக் குப்பை என்கிறாய்.

போன மாதம் அந்தத் தார்ப்பாய் ஜாக்கெட்டைத் தூக்கிக்கொண்டு எங்கள் சாம்பிள் செக்ஷனுக்கு வந்திருந்தாளே, அன்று நடந்ததை உனக்கு அவள் சொல்லியிருக்க மாட்டாள். எங்கள் டெய்லர் அக்கா சாதாரணமாக பனியன் தைக்கிற பழக்கத்தில் நெருக்கமான தையல் போட்டார். துணியை அழுத்திப் பிடிக்கிற பிரஸர் ஃபுட் தார்ப்பாயில் ஒட்டிக்கொண்டு நகரவில்லை. தோள் மூட்டில் நாலு மடிப்பு சேருகிற இடத்தில் ஊசி முறிந்தது. பாப்பா அந்தத் துண்டை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். "அக்கா, ஓட்டை கிட்டக் கிட்ட விழுகிறது, இழுத்தால் ஸ்டாம்பு மாதிரி கிழிந்துவிடும், தையல் நீளத்தைக் கூட்டுங்கள்" என்றாள். ஒட்டாமல் வழுக்கிப் போகிற டெஃப்லான் ஃபுட் மாட்டச் சொன்னாள், ஊசியைத் தடித்ததாக மாற்றச் சொன்னாள். அப்புறம் பையிலிருந்து எடுத்தாள் பார், தடிமன் அளக்கிற உன்னுடைய பழைய வெர்னியர்! மடிப்பின் தடிமனை அளந்து, நாலு மடிப்பும் ஒரே இடத்தில் சேராதபடி ஒவ்வொன்றையும் கொஞ்சம் கொஞ்சமாகத் தள்ளி, படிக்கட்டாக வெட்டிக் கொடுத்தாள். அடுத்த ஓட்டத்தில் ஊசி கடகடவென்று போய்விட்டது. பேட்டர்ன் மாஸ்டர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "யார் வீட்டுப் பிள்ளை இது" என்று கேட்டார். வெர்னியரோடு தையல் மிஷினுக்கு வருகிற பிள்ளையை அவர் சர்வீஸில் பார்த்ததில்லையாம். உன் பெயரைச் சொன்னேன். எனக்கே பெருமையாக இருந்தது மாப்ளே.

கல்லூரியில் அந்த ஜாக்கெட்டுக்கு மார்க் குறைத்துவிட்டார்கள் என்று எழுதியிருக்கிறாய். அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாதே. ஆனால் ஒன்று, அவர்கள் சொன்ன குறையில் ஒரு பாதி சரி: கழுத்து கனமாக இருக்கிறது, போட்டால் பின்பக்கம் இழுக்கும். அதை அவளிடம் நானும் சொல்லிவிட்டேன். முகம் சுருங்கவில்லை, குறித்துக்கொண்டாள்.

பணத்தைப் பற்றியும் கேட்டிருக்கிறாய். அதில் உனக்கு இனிப்பு தடவிச் சொல்ல மாட்டேன். சொந்த பிராண்ட் நடத்துவது கஷ்டம். ஒரு சீசன் சரக்குக்குத் துணி, பட்டன் ஜிப் மாதிரி ட்ரிம்ஸ், தையல் கூலி எல்லாம் முன்னாடியே கொடுக்க வேண்டும். கடைக்காரன் காசு அப்புறம் எப்போதோ வரும். அவ்வளவு பேர் வாங்கிய ராஸும் வெளி முதலீடு வாங்கித்தான் நடத்தினார். 2023 கடைசியில் தன் பங்கை விற்றுவிட்டு ஏ-கோல்ட்-வாலை விட்டே வெளியே வந்துவிட்டார். தான் பெற்ற பிள்ளையைப் போல் வளர்த்த பெயர் இப்போது வேறு கம்பெனியிடம் இருக்கிறது. அவர் கையில் மிஞ்சியது வேலை. கடிகாரம், நாற்காலி, ஹெட்ஃபோன் என்று எதற்குக் கூப்பிட்டாலும் போய்ச் செய்யத் தெரிந்த கை. அதனால்தான் பாப்பா பிராண்ட் ஆரம்பிக்கிறேன் என்று சொன்னால் உடனே நிலத்தை அடமானம் வைக்காதே என்கிறேன். முதலில் யாரிடமாவது நாலைந்து வருடம் சம்பளத்துக்கு வேலை பார்க்கட்டும். ராஸ் அப்லோவிடம் பழகினாரே, அந்த மாதிரி. எங்கள் ஊரில் ஸ்போர்ட்ஸ் உடுப்பு, வேலை உடுப்பு செய்கிற யூனிட்கள் இருக்கின்றன. டெக்னிகல் துணி தெரிந்த பிள்ளைக்கு அங்கே இடம் உண்டு. நான் பேசுகிறேன்.

உன்னிடம் கேட்பது ஒன்றே ஒன்று. லீவுக்கு வீட்டுக்கு வரும்போது அவளைப் பட்டறைப் பக்கம் வராதே என்று விரட்டாதே. பெரியவனுக்குக் கற்றுக்கொடுத்த மாதிரி அவளுக்கும் லேத் ஓட்டக் கற்றுக்கொடு, பஃபிங், வெல்டிங் எல்லாம் பக்கத்தில் நின்று பார்க்கட்டும். கொக்கியும் பட்டனும் கடையில் வாங்கினால் எல்லார் சட்டையிலும் இருப்பதுதான் கிடைக்கும். அலுமினியத்தில் சொந்தமாகக் கடைந்து போட்டால் அது அவளுடைய சரக்கு. இதைச் சென்னையிலோ டெல்லியிலோ இருக்கிற எத்தனை டிசைன் மாணவர்களால் அப்பா பட்டறையில் நின்று செய்ய முடியும்? ஆயில் பட்ட கையோடு துணியைத் தொடாதே என்று மட்டும் சொல்லி வை.

வருகிற ஞாயிற்றுக்கிழமை பேட்டர்ன் மாஸ்டர் சும்மா இருக்கிறார். ஜாக்கெட்டோடு பாப்பாவை அனுப்பு, கழுத்தைப் பிரித்துச் சரிபண்ணிவிடலாம். பழைய தார்ப்பாய் நல்ல துண்டாக ரெண்டு மூன்று மீட்டர் இருந்தால் கொடுத்துவிடு, இங்கே கடையில் கிடைக்கிற புதுத் தார்ப்பாய் விறைப்பாக இருக்கிறது. முடிந்தால் நீயும் கூட வா. அம்மா உன்னைக் கேட்டுக்கொண்டே இருக்கிறார். வருவதாக இருந்தால் சனிக்கிழமை ராத்திரிக்குள் ஒரு போன் போட்டுவிடு, கறி எடுக்கணும்.

அன்புடன்,
உன் திருப்பூர் மாப்ளே